அளவு ஒன்றானால்தான் கூட்ட முடியும்

சென்ற தவணையில் உயர்நிலை மூன்று மாணவர்களுக்கு இயற்பியல் செய்முறை வகுப்பு ஒன்றை நடத்தினேன். செய்முறை எளியது. 6 வோல்ட் தரும் மின்கல அடுக்கு ஒன்று, 20 ஓம் மின்தடை ஒன்று, 30 ஓம் மின்தடை ஒன்று, மின்னோட்டத்தை அளக்க ஓர் அம்மீட்டர். இரண்டு மின்தடைகளையும் பக்க இணைப்பில் பொருத்த வேண்டும். மொத்த மின்னோட்டம் எவ்வளவு இருக்கும் என்று முதலில் தாளில் கணக்கிட வேண்டும். பிறகு மின்சுற்றை இணைத்து, அம்மீட்டர் உண்மையில் என்ன காட்டுகிறது என்று பார்த்து எழுத வேண்டும்.

மேசை மேசையாகப் பார்த்துக்கொண்டு வந்தேன். ஒரு மாணவனின் தாளில் இரண்டு கட்டங்களிலும் ஒரே எண் இருந்தது. கணக்கிட்டது 0.24 ஆம்பியர், அளந்தது 0.24 ஆம்பியர். ஆனால் இரண்டாவது கட்டத்தில் அழிப்பான் தேய்த்த தடம் தெரிந்தது. அதன் அடியில் 0.49 என்ற எண் மங்கலாக இருந்தது.

“இதை ஏன் அழித்தாய்?” என்று கேட்டேன்.

“மீட்டர் சரியில்லை சார். கணக்குப் போட்டால் 0.24தான் வருது. ரெண்டு தடவை போட்டுப் பார்த்துட்டேன்” என்றான்.

மீட்டர் சரியாகத்தான் இருந்தது. பிழை அவன் கணக்கில் இருந்தது. அதுவும் இயற்பியலில் வந்த பிழை அல்ல. தொடக்கப்பள்ளியில் படித்த பின்னக் கூட்டலில் வந்த பிழை.

பக்க இணைப்புக்கான விதியை அவன் சரியாகவே எழுதியிருந்தான். 1-ஐ மொத்த மின்தடையால் வகுத்தால் வருவது, 1/20 + 1/30 என்பதற்குச் சமம். அதை அவன் இப்படிக் கூட்டினான்: மேலே 1 + 1 = 2; கீழே 20 + 30 = 50; விடை 2/50, அதாவது 1/25. ஆகவே மொத்த மின்தடை 25 ஓம். 6-ஐ 25-ஆல் வகுத்தால் 0.24.

ஒரு தவறான கூட்டல், கண்ணால் பார்த்த ஒரு சரியான அளவீட்டை அழிக்க வைத்துவிட்டது. அறிவியல் படிக்கும் மாணவருக்கு இதைவிடப் பெரிய இழப்பு இல்லை. அதனால்தான் உயர்நிலைப் பள்ளிக்கு வந்துவிட்ட உங்களுக்காக, தொடக்கப்பள்ளிப் பாடம் ஒன்றை இந்த வாரம் மறுபடியும் எடுத்துக்கொள்கிறேன். பகுதிகள் வேறுபட்ட பின்னங்களை எப்படிக் கூட்டுவது என்பதோடு, ஏன் அப்படிக் கூட்டுகிறோம் என்பதையும் பார்ப்போம்.

50 காசும் 20 காசும்

நான் புக்கிட் மேராவில் குடியிருக்கிறேன். காலையில் எங்கள் புளோக்கின் கீழ்த்தளக் காப்பிக்கடையில் சில்லறை கொடுக்கும்போது நாம் எல்லாரும் பின்னக் கூட்டல்தான் செய்கிறோம். 50 காசு என்பது அரை வெள்ளி, அதாவது 1/2. 20 காசு என்பது வெள்ளியில் ஐந்தில் ஒன்று, அதாவது 1/5. இரண்டையும் சேர்த்துக் கொடுத்தால் 70 காசு. வெள்ளிக் கணக்கில் 7/10.

அந்த மாணவனின் முறையில் கூட்டிப் பாருங்கள். மேலே 1 + 1 = 2; கீழே 2 + 5 = 7; விடை 2/7 வெள்ளி. அதாவது 29 காசுக்கும் குறைவு! 50 காசோடு இன்னும் 20 காசைச் சேர்த்த பிறகு 29 காசுகூட இல்லை என்று கடைக்காரர் சொன்னால் நாம் சும்மா இருப்போமா? கடையில் ஒத்துக்கொள்ளாததைக் கணக்குத் தாளில் ஏன் ஒத்துக்கொள்கிறோம்?

கடையில் நம் மனம் என்ன செய்தது என்று கவனியுங்கள். அரை வெள்ளியையும் ஐந்தில் ஒரு வெள்ளியையும் அப்படியே கூட்டவில்லை. இரண்டையும் ‘காசு’ என்ற ஒரே அளவுக்கு மாற்றியது. ஒரு காசு என்பது 1/100 வெள்ளி. 50/100 + 20/100 = 70/100. மாற்றிய பிறகுதான் எண்ணியது. பின்னக் கூட்டலின் முழு இரகசியமும் இவ்வளவுதான். முதலில் ஒரே அளவுக்கு மாற்று, பிறகு எண்ணு.

பகுதி, தொகுதி: பெயரிலேயே விளக்கம்

பள்ளியில் ‘நியூமரேட்டர்’, ‘டினாமினேட்டர்’ என்று படிக்கிறீர்கள். தமிழில் மேலே இருப்பது தொகுதி, கீழே இருப்பது பகுதி. இந்தப் பெயர்களை மனப்பாடம் செய்யத் தேவையில்லை. பொருளைக் கவனித்தால் போதும்.

பகுத்தல் என்றால் பிரித்தல். ஒரு முழுமையை எத்தனையாகப் பகுத்தோம் என்று சொல்வது பகுதி. தொகுத்தல் என்றால் சேர்த்தல். பகுத்த துண்டுகளில் எத்தனையைச் சேர்த்து எடுத்தோம் என்று சொல்வது தொகுதி. 3/8 என்றால் எட்டாகப் பகுத்து மூன்றைத் தொகுத்தோம்.

ஆகவே தொகுதி ஓர் எண்ணிக்கை. பகுதியோ துண்டின் அளவைச் சொல்லும் பெயர். டினாமினேட்டர் என்ற சொல்லுக்கும் இலத்தீன் மொழியில் ‘பெயரிடுவது’ என்றுதான் பொருள். எண்ணிக்கைகளைக் கூட்டலாம், பெயர்களைக் கூட்ட முடியாது. இரண்டு 10 வெள்ளித் தாளும் மூன்று 5 வெள்ளித் தாளும் உங்களிடம் இருந்தால், ஐந்து 15 வெள்ளித் தாள்கள் இருக்கின்றன என்று சொல்வீர்களா? 20 + 15 = 35 வெள்ளி என்றுதான் சொல்வீர்கள். பின்னங்களின் பகுதிகளைக் கூட்டுவது, 15 வெள்ளித் தாள் என்று இல்லாத ஒன்றை உருவாக்குவது போன்றது.

பகுதிகள் ஒன்றாகவே இருந்தால் சிக்கலே இல்லை. 2/8 + 3/8 = 5/8. எட்டில் ஒன்று என்ற அளவில் இரண்டு, அதே அளவில் மூன்று, ஆக ஐந்து. இவற்றை ஓரினப் பின்னங்கள் என்பார்கள். பகுதிகள் வேறானால் வேற்றினப் பின்னங்கள். வேற்றினத்தை ஓரினமாக்குவதுதான் நம் வேலை.

தவறு ஏன் சரிபோலத் தோன்றுகிறது?

மேலே மேலேயும் கீழே கீழேயும் கூட்டுவது தவறு என்று பல முறை சொல்லியும் மாணவர்கள் அதைச் செய்கிறார்கள். கவனக்குறைவு என்று நானும் முன்பு நினைத்திருந்தேன். சிவப்பு மையால் பெருக்கல் குறி போட்டுவிட்டு அடுத்த தாளுக்குப் போயிருக்கிறேன். இப்போது அப்படி நினைக்கவில்லை. அந்த முறை சரியாக வேலை செய்யும் ஓர் இடம் உண்டு. அதை நீங்கள் அடிக்கடி பார்க்கிறீர்கள்.

முதல் தேர்வில் 10க்கு 7 மதிப்பெண். அடுத்த தேர்வில் 20க்கு 15. மொத்தம் 30க்கு 22. இங்கே 7/10, 15/20 இரண்டிலும் மேலே மேலேயும் கீழே கீழேயும் கூட்டித்தான் 22/30 வந்தது. இது சரியான விடை. அப்படியானால் பின்னக் கூட்டல் விதி பொய்யா?

இல்லை. இங்கே நாம் பின்னங்களைக் கூட்டவில்லை. இரண்டு தனித்தனி முழுமைகளைச் சேர்த்து ஒரு புதிய முழுமையை உண்டாக்கி, அதில் எவ்வளவு வாங்கினோம் என்று கேட்கிறோம். 10 மதிப்பெண் தாளும் 20 மதிப்பெண் தாளும் சேர்ந்து 30 மதிப்பெண் தாள் ஆகிவிட்டது. முழுமையே மாறிவிட்டது. பின்னக் கூட்டலில் முழுமை மாறாது. அரை வெள்ளியும் ஐந்தில் ஒரு வெள்ளியும் ஒரே ஒரு வெள்ளியின் துண்டுகள். விடையும் அதே வெள்ளியின் துண்டுதான்.

22/30 என்பது ஏறக்குறைய 0.73. அது 0.7-க்கும் 0.75-க்கும் நடுவில் இருக்கிறது. இது தற்செயல் அல்ல. மேலே மேலேயும் கீழே கீழேயும் கூட்டினால் விடை எப்போதும் இரண்டு பின்னங்களுக்கும் இடையில்தான் விழும். அது ஒரு வகைச் சராசரி, கூட்டல் அல்ல. 1/2, 1/3 இரண்டையும் அப்படிச் சேர்த்தால் 2/5 வரும். அது 1/2-ஐ விடச் சிறியது. அரையோடு இன்னும் கொஞ்சம் சேர்த்தால் அரையைவிடக் குறையுமா?

இதைவிட எளிய சோதனை ஒன்று: 1/2 + 1/2. அந்த முறையில் 2/4, அதாவது மறுபடியும் 1/2. அரை ரொட்டியும் அரை ரொட்டியும் சேர்ந்தால் அரை ரொட்டிதான் என்கிறது அந்த முறை! விதியில் ஐயம் வரும்போதெல்லாம் இந்த 1/2 + 1/2-ஐ அதில் போட்டுப் பாருங்கள்.

மூன்று படிகள்

இப்போது முறைக்கு வருவோம். 1/2 + 1/3-ஐ எடுத்துக்கொள்வோம். ஆறு சதுரங்கள் கொண்ட ஒரு சாக்லேட் கட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். அதில் பாதி என்றால் மூன்று சதுரம். மூன்றில் ஒன்று என்றால் இரண்டு சதுரம். மொத்தம் ஐந்து சதுரம். ஆறில் ஐந்து. எனவே 1/2 + 1/3 = 3/6 + 2/6 = 5/6.

ஆறு சதுரம் உள்ள கட்டியை ஏன் எடுத்தேன்? இரண்டாலும் மூன்றாலும் மீதியின்றி வகுபடும் மிகச் சிறிய எண் 6. இதைத்தான் மீச்சிறு பொது மடங்கு என்கிறோம். ஆகவே படிகள் இவை:

முதல் படி: பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கைக் கண்டுபிடிக்கவும்.

இரண்டாம் படி: ஒவ்வொரு பின்னத்தையும் அந்தப் பொதுப் பகுதிக்கு மாற்றவும். பகுதியை எந்த எண்ணால் பெருக்கினீர்களோ, அதே எண்ணால் தொகுதியையும் பெருக்கவும். துண்டை இரண்டாக வெட்டினால் துண்டுகளின் எண்ணிக்கையும் இரண்டு மடங்காகும் அல்லவா? பின்னத்தின் மதிப்பு மாறாது.

மூன்றாம் படி: தொகுதிகளை மட்டும் கூட்டவும். பகுதி அப்படியே இருக்கட்டும். முடிந்தால் விடையைச் சுருக்கவும்.

இன்னும் சற்றுக் கடினமான ஒன்று: 5/12 + 7/18. பொது மடங்கைக் கண்டுபிடிக்கப் பகுதிகளைப் பகா எண்களாகப் பிரியுங்கள். 12 = 2 × 2 × 3. 18 = 2 × 3 × 3. இரண்டையும் உள்ளடக்க இரண்டு 2-களும் இரண்டு 3-களும் போதும். 2 × 2 × 3 × 3 = 36. எனவே 5/12 = 15/36; 7/18 = 14/36; கூட்டினால் 29/36.

சிலர் பொது மடங்கைத் தேடாமல் குறுக்காகப் பெருக்குவார்கள். 5 × 18 = 90; 7 × 12 = 84; 90 + 84 = 174; கீழே 12 × 18 = 216; விடை 174/216. இதுவும் சரிதான். 6-ஆல் சுருக்கினால் அதே 29/36 வரும். இரண்டு பகுதிகளையும் பெருக்கினால் வருவதும் ஒரு பொது மடங்குதான். ஆனால் எப்போதும் மிகச் சிறியதாக இருக்காது. குறுக்குப் பெருக்கல் மந்திரம் அல்ல. அதுவும் இரண்டு பின்னங்களையும் ஒரே அளவுக்கு மாற்றும் வேலையைத்தான் செய்கிறது. இது தெரியாமல் அம்புக்குறிகளை மட்டும் மனப்பாடம் செய்தவர்கள், மூன்று பின்னங்கள் வந்ததும் தடுமாறுவார்கள்.

முக்காலே மூன்று வீசம்

வேலை ஏறக்குறைய முடிந்துவிட்டது என்பதற்கு ‘முக்காலே மூணு வீசம் முடிஞ்சாச்சு’ என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்வதைக் கேட்டிருப்பீர்கள். அது சரியாக எவ்வளவு என்று கேட்டிருக்கிறீர்களா? அதுவும் ஒரு வேற்றினப் பின்னக் கூட்டல்தான்.

வீசம் என்றால் 1/16. மூன்று வீசம் 3/16. முக்கால் 3/4, அதாவது 12/16. கூட்டினால் 15/16. பதினாறில் ஒன்றுதான் பாக்கி. இந்தியாவில் 1957 ஏப்ரல் 1ஆம் தேதி ரூபாய் 100 நயா பைசாவாக மாறும்வரை, ஒரு ரூபாய்க்கு 16 அணா. எனவே அந்தக் காலத்தவருக்கு முக்காலே மூன்று வீசம் ரூபாய் என்றால் 12 அணாவும் 3 அணாவும் சேர்ந்த 15 அணா. விரல்விட்டு எண்ணும் கணக்கு.

‘முக்காலே’ என்பதில் கடைசியில் வரும் ‘ஏ’யைக் கவனியுங்கள். மணி ‘ரெண்டே கால்’ என்கிறோம். இரண்டும் காலும் என்று பொருள். ‘காலே அரைக்கால்’ என்றால் 1/4 + 1/8 = 3/8. தமிழ்ப் பேச்சில் இந்த ‘ஏ’ கூட்டல் குறியாக வேலை செய்கிறது. ஆனால் ‘அரைக்கால்’ என்பதில் ‘ஏ’ இல்லை. அது அரையும் காலும் அல்ல. காலில் அரை, அதாவது 1/8. ஓர் எழுத்து கூட்டலையும் பெருக்கலையும் பிரித்துவிடுகிறது.

320: தமிழர் வைத்திருந்த பொதுப் பகுதி

பழந்தமிழ்க் கணக்கில் பின்னங்களுக்குத் தனித்தனிப் பெயர்களும் குறியீடுகளும் இருந்தன. அவற்றில் முந்திரி என்பது 1/320. இங்கே முந்திரி பருப்பு அல்ல. ஒரு பின்னத்தின் பெயர். முக்கியமான பின்னங்களையும், ஒவ்வொன்றிலும் எத்தனை முந்திரி என்பதையும் பாருங்கள்:

முந்திரி: 1/320, 1 முந்திரி
அரைக்காணி: 1/160, 2 முந்திரி
காணி: 1/80, 4 முந்திரி
அரைமா: 1/40, 8 முந்திரி
மா: 1/20, 16 முந்திரி
மாகாணி அல்லது வீசம்: 1/16, 20 முந்திரி
இருமா: 1/10, 32 முந்திரி
அரைக்கால்: 1/8, 40 முந்திரி
கால்: 1/4, 80 முந்திரி
அரை: 1/2, 160 முந்திரி
முக்கால்: 3/4, 240 முந்திரி

மீதி எங்கேயும் வரவில்லை. 320 = 2 × 2 × 2 × 2 × 2 × 2 × 5. பாதி, பாதியில் பாதி என்று பிரித்துக்கொண்டே போகும் பின்னங்களுக்கு 2-கள் வேண்டும். பத்து, இருபது என்று பிரிப்பவற்றுக்கு 5 வேண்டும். இரண்டு குடும்பங்களையும் 320 ஒரே கூரையின் கீழ் கொண்டுவருகிறது. இந்தப் பின்னங்களில் எந்த இரண்டைக் கூட்ட வேண்டுமானாலும் முந்திரியாக மாற்றி எண்ணினால் போதும். நாம் வெள்ளியைக் காசாக மாற்றி எண்ணுவது போலத்தான்.

மாகாணி என்ற பெயரையே பிரித்துப் பாருங்கள். மா + காணி. மா 1/20, காணி 1/80. பகுதிகள் வேறு. முந்திரிக்கு மாற்றினால் 16 + 4 = 20 முந்திரி. 20/320 = 1/16. அப்படியே சரியாக வருகிறது! 1/20 + 1/80 = 4/80 + 1/80 = 5/80 = 1/16 என்ற முழுக் கணக்கும் அந்த ஒரு சொல்லுக்குள் இருக்கிறது.

திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் முந்திரி முதலான பின்னங்களைப் ‘பொன்னிலக்கம்’ என்ற வாய்பாட்டிலும், தானியம் அளக்கும் முகத்தல் அளவுகளை ‘நெல்லிலக்கம்’ என்ற வாய்பாட்டிலும் மனப்பாடம் செய்தார்கள். நெல் அளப்பதற்கும் நிலம் அளப்பதற்கும் வரி கணக்கிடுவதற்கும் இது தேவைப்பட்டது. தஞ்சை வட்டாரத்தில் ஒரு வேலி நிலம் என்பது 20 மா. ஒரு மா நிலம் என்றால் வேலியில் 1/20. பின்னத்தின் பெயரே நிலத்தின் பெயர்.

முந்திரியைவிடச் சிறிய அளவு வேண்டுமென்றால் ‘கீழ்’ என்ற சொல்லை முன்னால் சேர்ப்பார்கள். அது 1/320-ஆல் பெருக்கும். எனவே கீழ் முந்திரி என்பது 1/320 × 1/320 = 1/1,02,400. முதலாம் ராஜராஜ சோழன் காலத்து நில அளவைக் கணக்குகளைப் பற்றி எழுதும் வரலாற்றாசிரியர்கள், வேலியில் 1/52,42,88,00,000 வரை கணக்கிட்டார்கள் என்று எடுத்துக்காட்டுவார்கள். மிரள வைக்கும் எண்தான். ஆனால் பகா எண்களாகப் பிரித்துப் பார்த்தால் அதன் பிறப்பிடம் தெரிந்துவிடும். 320-ஐ நான்கு முறை தன்னோடு பெருக்கி, பிறகு 5-ஆல் பெருக்கினால் சரியாக அந்த எண் வருகிறது. ஒரு வேலியை 6.6 ஏக்கர் என்று கொண்டால், இந்த அளவு ஒரு சதுர மில்லிமீட்டரில் ஏறக்குறைய பாதி. யாரும் கயிறு பிடித்து நிலத்தில் அளந்திருக்க முடியாது. பங்குகளை விடாமல் கூட்டியும் வகுத்தும் கொண்டு போனால் கணக்கில் வந்து நிற்கும் அளவு அது. அதையும் தள்ளிவிடாமல் எழுதி வைத்தார்கள்.

இந்தப் பழைய பின்னக் குறியீடுகள் கணினியிலும் இடம்பெற்றுவிட்டன. 2019இல் வெளியான யூனிகோடு 12ஆம் பதிப்பில் முந்திரி உள்ளிட்ட தமிழ்ப் பின்னங்களுக்கு எண்கள் ஒதுக்கப்பட்டன.

320க்குள் அடங்காதவை

320 எல்லாவற்றுக்கும் போதுமா? 1/3-ஐ முந்திரியில் சொல்லிப் பாருங்கள். 320 ÷ 3 என்பது 106-ம் இன்னும் மூன்றில் இரண்டும். மீதி வந்துவிட்டது. 320-இன் பகா எண்களில் 3 இல்லை. அதனால் மூன்றில் ஒன்று அதற்குள் அடங்காது. நம் வெள்ளிக்கும் இதே குறை உண்டு. 100 = 2 × 2 × 5 × 5. ஒரு வெள்ளியை மூன்று நண்பர்கள் சமமாகப் பிரிக்க முடியாது. ஆளுக்கு 33 காசு போக ஒரு காசு மிஞ்சும். ஒரு மணி நேரத்துக்கு 60 நிமிடம் என்பதால் அங்கே இந்தத் தொல்லை இல்லை. 60-க்குள் 3 இருக்கிறது. மூன்றில் ஒரு மணி நேரம் சரியாக 20 நிமிடம்.

ஆக, முன்கூட்டியே ஒரு பொதுப் பகுதியை நிலையாக வைத்துக்கொள்வது வசதியானது. ஆனால் எல்லாப் பின்னங்களுக்கும் பொருந்தாது. எந்தப் பின்னங்கள் வந்தாலும் அவற்றுக்கேற்ற பொதுப் பகுதியைக் கண்டுபிடிக்கும் முறை வேண்டும். கி.பி. 850 வாக்கில், ராஷ்டிரகூட மன்னன் அமோகவர்ஷன் காலத்தில், இன்றைய கர்நாடகப் பகுதியில் வாழ்ந்த மகாவீரர் என்ற சமணக் கணித அறிஞர், ‘கணித சார சங்கிரகம்’ என்ற நூலில் இதற்கு வழி சொன்னார். பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கைக் கண்டு பின்னங்களைக் கூட்டும் முறை அதில் இருக்கிறது. அந்த நூல் 1912இல் சென்னையில் ஆங்கில மொழிபெயர்ப்புடன் அச்சானது. நீங்கள் தொடக்கப்பள்ளியில் படித்த மூன்று படிகளின் வயது ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேல்.

மீண்டும் ஆய்வுக்கூடத்தில்

இப்போது அந்த மின்சுற்றுக்குத் திரும்புவோம். 1/20 + 1/30. பொது மடங்கு 60. 3/60 + 2/60 = 5/60 = 1/12. எனவே மொத்த மின்தடை 12 ஓம். 6 ÷ 12 = 0.5 ஆம்பியர்.

வேறு வழியில் சரிபார்க்கலாம். பக்க இணைப்பில் ஒவ்வொரு மின்தடைக்கும் முழு 6 வோல்ட் கிடைக்கிறது. 20 ஓம் வழியே 6 ÷ 20 = 0.3 ஆம்பியர் போகும். 30 ஓம் வழியே 6 ÷ 30 = 0.2 ஆம்பியர் போகும். இரண்டும் சேர்ந்து 0.5 ஆம்பியர். அம்மீட்டர் காட்டியது 0.49. கருவிகளும் மின்தடைகளும் துல்லியமாக இருப்பதில்லை, ஆகவே 0.49-க்கும் 0.50-க்கும் உள்ள வேறுபாடு இயல்பானது. 0.49-க்கும் 0.24-க்கும் உள்ள வேறுபாடு இயல்பானது அல்ல. ஏறக்குறைய இரண்டு மடங்கு விலகல் வந்தால் அதை அழிக்கக் கூடாது. ஏன் என்று தேட வேண்டும்.

தேடுவதற்கு ஓர் எளிய வழியும் உண்டு. மின்னோட்டம் போக இன்னொரு பாதையைத் திறந்துவிட்டால் தடை குறையுமே தவிர கூடாது. ஆகவே பக்க இணைப்பின் மொத்த மின்தடை, இருப்பவற்றில் மிகச் சிறியதைவிடக் குறைவாகவே இருக்கும். இங்கே சிறியது 20 ஓம். 12 ஓம் சரி. 25 ஓம் வந்தவுடனேயே ஏதோ தவறு என்று தெரிந்திருக்க வேண்டும். அரையோடு சேர்த்த பிறகு அரையைவிடக் குறையக் கூடாது என்று பார்த்தோமே, அதுவேதான் இங்கே வேறு வடிவில் வருகிறது.

பக்க இணைப்பில் இரண்டு மின்தடைகளுக்கு ‘பெருக்கித் தொகையால் வகு’ என்று ஒரு சுருக்கு வழி சொல்வார்கள். (20 × 30) ÷ (20 + 30) = 600 ÷ 50 = 12. இது எங்கிருந்து வந்தது என்று இப்போது உங்களுக்குத் தெரியும். குறுக்காகப் பெருக்கினால் 1/20 + 1/30 = 50/600. அதைத் தலைகீழாக்கினால் 600/50. அவ்வளவுதான். மூன்று மின்தடைகள் வந்தால் இந்தச் சுருக்கு வழியை அப்படியே நீட்ட முடியாது. பொதுப் பகுதிக்குத்தான் போக வேண்டும்.

அன்று அந்த மாணவனிடம் 50 காசையும் 20 காசையும் மேசையில் வைத்துக் கேட்டேன். “எழுபது” என்றான். பின்னமாக எழுதச் சொன்னேன். 1/2, 1/5 என்று எழுதினான், கூட்டத் தொடங்கினான், பாதியில் நிறுத்திவிட்டுத் தன் தாளைப் பார்த்தான். பிறகு தானே 0.24-ஐ அடித்துவிட்டுப் பக்கத்தில் 0.49 என்று எழுதினான்.

அதற்குப் பிறகு என் செய்முறை வகுப்பில் ஒரு விதி வைத்திருக்கிறேன். அளந்த எண்ணை அழிப்பான் கொண்டு அழிக்கக் கூடாது. தவறென்று தோன்றினால் ஒரு கோடு போட்டு அடித்துவிட்டு, பக்கத்தில் புதியதை எழுத வேண்டும். பழைய எண்ணும் தெரிய வேண்டும். கணக்கும் அளவீடும் மோதும்போது, இரண்டையும் மறுபடி பார்க்க அதுதான் ஒரே வழி.

முயன்று பாருங்கள்

1. உங்களிடம் 50 காசு, 20 காசு, 5 காசு நாணயங்கள் ஒவ்வொன்று இருக்கின்றன. மூன்றையும் வெள்ளியின் பின்னங்களாக எழுதிக் கூட்டுங்கள். விடை நாணயங்களோடு ஒத்துப்போகிறதா?

2. பழைய முகத்தல் அளவில் உரி என்பது அரைப் படி; உழக்கு கால் படி; ஆழாக்கு அரைக்கால் படி. உரியும் ஆழாக்கும் சேர்ந்தால் எத்தனை படி? எத்தனை ஆழாக்கு?

3. இருமாவையும் அரைக்காலையும் கூட்டுங்கள். முதலில் முந்திரியில், பிறகு மீச்சிறு பொது மடங்கு முறையில். இரண்டும் ஒன்றா?

4. 6 ஓம், 12 ஓம் மின்தடைகள் பக்க இணைப்பில் உள்ளன. மொத்த மின்தடை என்ன? விடை மிகச் சிறியதைவிடக் குறைவா என்று பாருங்கள்.

5. சற்றுக் கடினமானது: 1/20 + 1/80 = 1/16 என்று பார்த்தோம். தொகுதி 1 ஆக உள்ள, பகுதிகள் வேறுபட்ட இரண்டு பின்னங்களைக் கூட்டி 1/16 பெற வேறு வழிகள் உண்டா? எத்தனை?

விடைகள்

1. 1/2 + 1/5 + 1/20 = 10/20 + 4/20 + 1/20 = 15/20 = 3/4 வெள்ளி; 75 காசு.

2. 1/2 + 1/8 = 4/8 + 1/8 = 5/8 படி; 5 ஆழாக்கு. தமிழில் ‘அரையே அரைக்கால்’ படி.

3. 32 + 40 = 72 முந்திரி; 72/320 = 9/40. மற்ற முறையில் 1/10 + 1/8 = 4/40 + 5/40 = 9/40. இரண்டும் ஒன்றே.

4. 1/6 + 1/12 = 2/12 + 1/12 = 3/12 = 1/4. மொத்த மின்தடை 4 ஓம். 6-ஐ விடக் குறைவு.

5. இன்னும் மூன்று வழிகள் உண்டு: 1/17 + 1/272, 1/18 + 1/144, 1/24 + 1/48. ஒவ்வொன்றையும் பொதுப் பகுதிக்கு மாற்றிச் சரிபாருங்கள். இவற்றைத் தவிர வேறு இல்லை என்று எப்படி உறுதியாகச் சொல்வது? ஒரு சிறு துப்பு: ஒவ்வொரு ஜோடியிலும் இரண்டு பகுதிகளிலிருந்தும் 16-ஐக் கழித்து, வரும் எண்களைப் பெருக்கிப் பாருங்கள்.